அழிக்க வேண்டாம், எடுத்து வைப்போம்

பத்தாம் வகுப்பில் அடியெடுத்து வைத்ததும் வீட்டில் சில மாறுதல்கள் தாமாகவே நிகழ்ந்துவிடுகின்றன. தொலைக்காட்சிப் பெட்டி மௌனம் சாதிக்கிறது. உறவினர் வீட்டுத் திருமணங்களுக்கு அம்மா மட்டும் சென்று வருகிறார். கைப்பேசியிலும் கணினியிலும் இருந்த வீடியோ விளையாட்டுகள் ஒரே நாளில் நீக்கப்படுகின்றன. முதல் இரண்டைப் பற்றி எங்களுக்குக் குறை ஒன்றுமில்லை, திருமணப் பந்தியைப் பற்றி மட்டும் சிறிது உண்டு. மூன்றாவதைப் பற்றியே இக்கட்டுரையில் எங்கள் கருத்தைப் பெற்றோர் முன்னும், அருட்சகோதரிகள் முன்னும், தோழியர் முன்னும் பணிவுடன் வைக்க விரும்புகிறோம்.

தேர்வு முடியும் வரை விளையாட்டு வேண்டாம் என்பதை நாங்கள் ஒப்புக்கொள்கிறோம். இதில் வாதாட ஒன்றுமே இல்லை. ஆனால் விளையாட்டை நிறுத்துவது வேறு, விளையாடியதை அழிப்பது வேறு. நூல் நூற்கும் பெண்ணிடம் "இன்று போதும், எழுந்து வா" என்று சொல்வது நியாயம். நூற்ற நூலையெல்லாம் அறுத்துப் போடுவது என்ன நியாயம்?

விளையாடிப் பழகாத பெரியோர்களுக்காகச் சற்று விளக்கிச் சொல்கிறோம். இன்றைய விளையாட்டுகளில் பல, பரமபதம் போல மாலையில் தொடங்கி இரவுச் சாப்பாட்டுக்குள் முடிந்துவிடுபவை அல்ல. எங்கள் வகுப்பில் பலர் விரும்பி ஆடும் 'ஸ்டார்டியூ வேலி' என்ற விளையாட்டையே எடுத்துக்கொள்வோம். எரிக் பரோன் என்ற அமெரிக்க இளைஞர், படம் வரைவது முதல் இசை அமைப்பது வரை எல்லாவற்றையும் தனியொருவராகச் செய்து 2016-ஆம் ஆண்டு வெளியிட்டது இது. தாத்தா விட்டுச் சென்ற பாழ்நிலத்தைத் திருத்தி, விதைத்து, நீர் ஊற்றி, கோழியும் மாடும் வளர்த்து, ஊராரோடு பழகி வாழ வேண்டும். ஒரு பருவத்துக்கு 28 நாட்கள். நான்கு பருவங்கள் சேர்ந்தால் ஓர் ஆண்டு, அதாவது 112 நாட்கள். அங்குள்ள ஒரு நாளை முழுவதும் ஆடி முடிக்க நம் கடிகாரத்தில் ஏறத்தாழ 14 நிமிடங்கள் ஆகும். கணக்கில் ஆர்வமுள்ள தோழியர் பெருக்கிப் பார்க்கலாம். ஓர் ஆண்டுக்கு 26 மணி நேரம். மூன்று ஆண்டுப் பண்ணை என்றால் கிட்டத்தட்ட 80 மணி நேரம்.

"எண்பது மணி நேரமா!" என்று இதைப் படிக்கும் தந்தையர் எழுந்து உட்காருவது எங்களுக்குத் தெரிகிறது. ஐயா, அது மூன்று கோடை விடுமுறைகளிலும் பல சனிக்கிழமைகளிலும் சிறுகச் சிறுகச் சேர்ந்தது. தையல் வகுப்பில் ஒரு மேசை விரிப்புக்குப் பூவேலை செய்யவும் அதே போன்ற காலம் ஆகிறது. அதை யாரும் குப்பையில் போடுவதில்லை.

இந்த உழைப்பையெல்லாம் விளையாட்டானது ஒரு கோப்பில் எழுதி வைக்கிறது. அதைத்தான் 'சேவ்' என்கிறோம். ஸ்டார்டியூ வேலியில் நம் பாத்திரம் இரவில் படுத்து உறங்கினால்தான் அன்றைய கணக்கு எழுதப்படும். 'மைன்கிராஃப்ட்' என்ற கட்டட விளையாட்டில் நாம் கட்டிய உலகம் முழுவதும் ஒரு ஃபோல்டருக்குள் அடங்கிக் கிடக்கும். எங்கள் தோழியர் நால்வர் அதில் ஒரு தேவாலயம் கட்டியிருக்கிறார்கள். வண்ணக் கண்ணாடி ஜன்னல்கள், மணிக்கூண்டு, மணி எல்லாம் உண்டு. அவ்வளவும் ஒருத்தியின் தந்தையாருடைய கைப்பேசிக்குள் இருக்கிறது என்பதுதான் எங்கள் கவலை.

ஏனெனில் கைப்பேசியில் 'அன்இன்ஸ்டால்' என்பதை அழுத்தினால், அந்த விளையாட்டு தனக்குள் வைத்திருந்த உலகமும் அதனோடு சேர்ந்து போய்விடும். "மறுபடியும் டவுன்லோடு செய்துகொள்ளேன்" என்று வீட்டில் சொல்கிறார்கள். விளையாட்டைத் தரவிறக்கலாம், தேவாலயத்தைத் தரவிறக்க முடியுமா? கடையில் புதிய நோட்டுப் புத்தகம் கிடைக்கும். எழுதிய நோட்டு கிடைக்காது.

இந்த இடத்தில் மனத்தில் உள்ள இன்னொன்றையும் சொல்லிவிடுகிறோம். ஒரு தோழியின் வீட்டில் கைப்பேசியில் இடம் போதவில்லை என்று அவளுடைய பண்ணை நீக்கப்பட்டது. தம்பியின் கிரிக்கெட் விளையாட்டு நீக்கப்படவில்லை. அவளுடைய சேவ் சில எம்.பி. அளவே இருந்திருக்கும். காலைதோறும் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் வரும் 'இனிய காலை வணக்கம்' வீடியோக்களில் ஒன்றிரண்டின் அளவுதான் அது. தேர்வு அவளுக்கு, அவனுக்கு இல்லை என்பது உண்மைதான். ஆனாலும் கேட்காமல் அழித்ததுதான் அவளுக்கு வலித்தது.

இனி எங்கள் தோழியரின் பக்கம் திரும்புகிறோம். அவர்களிலும் பாதிப்பேர், "எல்லாம் கிளவுடில் இருக்கிறது, யார் அழித்தாலும் திரும்பி வந்துவிடும்" என்று நிம்மதியாக இருக்கிறார்கள். இந்த நிம்மதியோடு எங்களுக்கு உடன்பாடு இல்லை.

கிளவுட் என்றால் மேகம் என்று பொருள். பெயர் என்னவோ வானத்தில் மிதக்கிறது. பொருள் மண்ணில்தான் இருக்கிறது. அது எங்கோ ஒரு கட்டடத்தில் வரிசையாக அடுக்கப்பட்ட பிறருடைய கணினிகள். நம் கோப்பின் நகலை இணையத்தின் வழியாக அங்கே வைத்துக்கொள்கிறோம். வீடியோ விளையாட்டுகளுக்கு இந்த வசதி வந்து நெடுங்காலம் ஆகிவிடவில்லை. 1980-களில் பல விளையாட்டுகள், இடையில் நிறுத்துபவருக்கு நீளமான எழுத்துக் கோவை ஒன்றைத் திரையில் காட்டும். அதைத் தாளில் எழுதி வைத்து மறுநாள் தட்டச்சு செய்ய வேண்டும். ஓர் எழுத்துப் பிழைத்தாலும் போச்சு! 1987-இல் அமெரிக்காவில் வெளியான 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா' விளையாட்டின் கேசட்டுக்குள்ளேயே ஒரு சிறு பேட்டரி வைத்து நினைவைக் காத்தார்கள். பேட்டரி தீர்ந்தால் நினைவும் தீர்ந்தது. வால்வ் நிறுவனம் தன் 'ஸ்டீம்' கடையில் கிளவுட் சேவ் வசதியைத் தொடங்கியது 2008-ஆம் ஆண்டில். அதன் பிறகுதான், ஒரு கணினியில் நிறுத்தியதை இன்னொரு கணினியில் தொடரலாம் என்ற நிலை பரவலாக வந்தது.

நல்ல வசதி என்பதில் ஐயமில்லை. ஆனால் பெரும்பாலான கிளவுட் சேவைகள் வேலை செய்வது கண்ணாடியைப் போல. பெட்டகத்தைப் போல அல்ல. கண்ணாடி முன் நின்று பொட்டு வைத்தால் உள்ளே இருப்பவளும் பொட்டு வைப்பாள். பொட்டை அழித்தால் அவளும் அழித்துவிடுவாள். அதுபோலவே இங்கே நாம் மாற்றியது அங்கும் மாறும், இங்கே அழித்தது அங்கும் அழியும், இங்கே கெட்டுப்போன கோப்பு நல்ல கோப்பின் மேல் போய் உட்கார்ந்துகொள்ளும். கூகுள் டிரைவிலும் ஒன்டிரைவிலும் அழித்த கோப்பு 30 நாட்கள் குப்பைத் தொட்டியில் காத்திருக்கும். அதற்குள் கவனித்தால் பிழைத்தோம். பொதுத்தேர்வு ஆண்டில் முப்பது நாளுக்கு ஒருமுறை யார் போய்ப் பார்ப்பது?

விண்டோஸ் கணினி உள்ள வீடுகளில் இன்னொரு பொறி இருக்கிறது. பல விளையாட்டுகள் தம் சேவ் கோப்புகளை 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டருக்குள் வைக்கின்றன. ஒன்டிரைவ் அந்த ஃபோல்டரைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொள்ளும்படி அமைத்திருந்தால், எல்லாம் மேலே ஏறிவிடும். இலவசமாகக் கிடைப்பதோ 5 ஜி.பி. இடம். சில மாதங்களில் 'இடம் நிறைந்துவிட்டது' என்ற எச்சரிக்கை அப்பாவின் கைப்பேசிக்கு வரும். அவரும் நல்லெண்ணத்துடன், ஏதோ புரியாத பெயருள்ள ஃபோல்டர்களை அங்கிருந்து நீக்குவார். அவை கணினியிலிருந்தும் நீங்கிவிடும். யார் மேலும் குற்றமில்லை, ஆனால் பண்ணை இல்லை!

இரண்டு கணினிகளில் மாற்றி மாற்றி ஆடுபவர்களுக்கு ஸ்டீம் சில நேரம் ஒரு கேள்வி கேட்கும். "கிளவுடில் ஒரு கோப்பு, கணினியில் வேறொரு கோப்பு இருக்கிறது, எதை வைத்துக்கொள்வது?" என்பதே அது. இரண்டின் தேதியும் நேரமும் அங்கேயே காட்டப்படும். நம் தோழியரோ, திரைப்படத்துக்கு முன் வரும் விளம்பரத்தைத் தள்ளுவது போல எதையோ ஒன்றை அழுத்திவிட்டு உள்ளே போகிறார்கள். அந்த ஒரு சொடுக்கில் மூன்று வாரத்து வேலை போகக்கூடும். அங்கே மட்டுமாவது நின்று நிதானமாகப் படியுங்கள்.

இன்னும் ஒன்று. அந்தக் கட்டடங்களும் கட்டடங்கள்தாம். 2021-ஆம் ஆண்டு மார்ச் 10-ஆம் நாள் நள்ளிரவு கடந்த வேளையில், பிரான்ஸ் நாட்டின் ஸ்ட்ராஸ்பர்க் நகரில் ஓ.வி.எச். என்ற பெரிய நிறுவனத்தின் தரவு மையம் தீப்பற்றியது. உயிர்ச்சேதம் இல்லை, அது இறைவன் அருள். ஒரு கட்டடம் முழுவதும் எரிந்து போயிற்று. 'ரஸ்ட்' என்ற விளையாட்டின் ஐரோப்பிய சர்வர்கள் பல அங்கே இருந்தன. அவற்றில் இருந்தவை முற்றிலும் அழிந்தன, மீட்க வழியில்லை என்று அதை நடத்தும் ஃபேஸ்பன்ச் நிறுவனம் அறிவித்தது. அங்கே ஆடிக்கொண்டிருந்தவர்களின் உலகம் ஓர் இரவில் சாம்பலாயிற்று. 2023 நவம்பரில் கூகுள் டிரைவின் கணினிச் செயலியைப் பயன்படுத்திய சிலர், தங்கள் அண்மைக்காலக் கோப்புகளைக் காணவில்லை என்று முறையிட்டார்கள். கூகுள் நிறுவனமும் சிக்கலை ஒப்புக்கொண்டு, மீட்பதற்கான வழியை வெளியிட வேண்டியதாயிற்று. உலகப் பெருநிறுவனங்களுக்கே இந்த நிலை என்றால், ஒரே இடத்தை நம்பியிருப்பது அறிவுடைமை ஆகுமா?

நம் முன்னோர் இதை நன்கு அறிந்திருந்தார்கள். பனையோலை சில நூற்றாண்டுகளில் செல்லரித்து உதிர்ந்துவிடும். ஆகவே ஏட்டைப் பார்த்துப் புதிய ஏடு எழுதினார்கள். அப்படி எழுதிய பிரதிகள் மடங்களிலும் புலவர் வீடுகளிலுமாகப் பல ஊர்களில் சிதறிக் கிடந்ததனால்தான் பல நூல்கள் பிழைத்தன. உ.வே. சாமிநாதையர் 1887-இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தபோது, ஓர் ஏட்டை மட்டும் வைத்துக்கொண்டு வேலையை முடித்துவிடவில்லை. ஊர் ஊராக அலைந்து பல பிரதிகளைத் தேடி ஒப்பிட்டார். ஒரே வீட்டில் ஒரே பிரதியாக இருந்த எத்தனை நூல்கள் கறையானுக்கு இரையாயினவோ! ஞாயிறு மறைக்கல்வி வகுப்பில் படித்த பத்துக் கன்னியர் உவமையும் இங்கே நினைவுக்கு வருகிறது. அறிவுள்ள ஐவர் விளக்கோடு தனிப் பாத்திரத்தில் எண்ணெயும் எடுத்துச் சென்றார்கள். மற்ற ஐவரால் கடைசி நேரத்தில் அதைக் கடன் வாங்க முடியவில்லை. சேவ் கோப்பும் அப்படியே. அடுத்த வீட்டுத் தோழியிடம் கேட்டு வாங்க முடியாத பொருள் அது.

ஆகையால் நாங்கள் சொல்வது இதுதான். கிளவுட் தானாக எடுக்கும் நகல் இருக்கட்டும். அதற்கு மேல், நம் கையால், தேதி போட்டு, தனியாக ஒரு நகல் எடுத்து வைக்க வேண்டும். அந்த நகலைப் பிறகு எதுவும் தொடக்கூடாது, நாமும்கூட.

செய்வது கடினமன்று. முதலில் விளையாட்டை முழுவதும் மூடிவிட வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டின் கோப்பை நகல் எடுப்பது, பேசிக்கொண்டே தண்ணீர் குடிப்பது போல. சில நேரம் புரையேறும். பிறகு சேவ் ஃபோல்டரை அப்படியே ஒரு 'ஜிப்' கோப்பாகச் சுருக்க வேண்டும். பெயரில் விளையாட்டையும் தேதியையும் எழுத வேண்டும். 'பண்ணை புதுசு', 'பண்ணை ரொம்பப் புதுசு' என்றெல்லாம் பெயர் வைத்தால் ஆறு மாதம் கழித்து நமக்கே விளங்காது. அந்த ஜிப் கோப்பை கூகுள் டிரைவில் ஒன்று, பென் டிரைவில் ஒன்று என இரண்டு இடங்களில் வைக்கலாம். கூகுள் இலவசமாகத் தருவது 15 ஜி.பி. அந்த இடத்தைத்தான் மின்னஞ்சலும் புகைப்படங்களும் பங்கு போட்டுக்கொள்கின்றன. டிராப்பாக்ஸில் 2 ஜி.பி. பண்ணைகளுக்கு இது தாராளம். மைன்கிராஃப்ட் உலகங்கள் மட்டும் நாம் நடந்த தூரத்துக்கு ஏற்ப வளர்ந்து நூற்றுக்கணக்கான எம்.பி. ஆகிவிடும். அவற்றில் எது வேண்டும், எது வேண்டாம் என்று முதலிலேயே பிரித்துக்கொள்வது நல்லது.

மைன்கிராஃப்டைக் கணினியில் ஜாவா பதிப்பாக ஆடுவோர் ஒன்றை நினைவில் வைக்க வேண்டும். அந்த உலகங்கள் தாமாக எந்த கிளவுடிலும் ஏறுவதில்லை. நம் கணினியில் மட்டுமே இருக்கின்றன. உலகத்தின் பெயரைத் தேர்ந்து 'எடிட்' பக்கம் சென்றால் 'மேக் பேக்கப்' என்ற பொத்தான் இருக்கிறது. பலர் அதைப் பார்த்ததே இல்லை. கைப்பேசியில் ஆடுவோர் உலகத்தின் அமைப்புகளுக்குள் போய் 'எக்ஸ்போர்ட்' செய்தால் முழு உலகமும் ஒரே கோப்பாக வெளியே வந்துவிடும். தேவாலயம் கட்டிய நால்வருக்கும் இதைச் சொல்லிவிட்டோம். செய்தார்களா என்று இந்த மலர் அச்சேறுவதற்குள் கேட்டுவிடுவோம்.

எடுத்த நகலை ஒருமுறையாவது வேறொரு கணினியில் வைத்துத் திறந்து பார்க்கவும் வேண்டும். பெட்டிக்குள் புடவை இருக்கிறது என்று பூட்டி வைத்துவிட்டு, விசேஷத்தன்று திறந்தால் வெறும் காகிதம் இருந்த கதை யாருக்கும் வர வேண்டாம்.

இதுவரை சேவ் கோப்பைப் பற்றிச் சொன்னோம். இனி 'மோட்' என்பதைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். ஆபத்து அதிகமாக இருப்பது அங்கேதான்.

ஒரு விளையாட்டை விரும்புகிறவர்கள் தாங்களே செய்து பிறருக்குத் தரும் சேர்க்கைதான் மோட். புதிய பயிர், புதிய வீடு, புதிய ஊரார் என்று விளையாட்டுக்குள் எதை வேண்டுமானாலும் சேர்க்கலாம். பெரும்பாலும் இலவசம். ஊதியம் கருதாமல் செய்பவர்கள் பலர். அவர்களை நாங்கள் மதிக்கிறோம். ஆனால் மோட் என்பது படமோ பாட்டோ மட்டும் அன்று. பல மோட்களுக்குள் இருப்பது கணினி நிரல். அதை ஓட விட்டால், நம் கணினியில் நாம் செய்யக்கூடியதையெல்லாம் அதுவும் செய்யக்கூடும்.

2023 ஜூன் மாதத்தில் நடந்ததைக் கேளுங்கள். மைன்கிராஃப்ட் மோட்கள் கிடைக்கும் 'கர்ஸ்ஃபோர்ஜ்' என்ற பெயர்பெற்ற தளத்தில் சிலருடைய கணக்குகளுக்குள் தீயோர் புகுந்து, மோட்களில் நச்சு நிரலைக் கலந்துவிட்டார்கள். 'ஃபிராக்சரைசர்' என்று அதற்குப் பெயரிட்டார்கள். கணினியில் சேமித்திருந்த பாஸ்வேர்டுகளையும் உள்நுழைவு விவரங்களையும் அது திருடியது. அதோடு நில்லாமல், அதே கணினியில் இருந்த மற்ற ஜாவா கோப்புகளுக்குள்ளும் தன்னைப் புகுத்திக்கொண்டது. இப்போது எண்ணிப் பாருங்கள். மோட் ஃபோல்டரை கிளவுடோடு இணைத்து வைத்திருந்த ஒருத்தியின் நிலை என்ன? நோயுற்ற கோப்புகள் கிளவுடுக்கு ஏறும். அங்கிருந்து அவளுடைய மற்றொரு கணினிக்கும் இறங்கும். அம்மை கண்ட வீட்டுப் பாயை அடுத்த வீட்டுக்குக் கொடுத்தது போல ஆகிவிடும்.

அதே ஆண்டு கிறிஸ்துமஸ் தினத்தன்று, 'ஸ்லே த ஸ்பயர்' என்ற விளையாட்டுக்கு ரசிகர்கள் செய்த 'டவுன்ஃபால்' என்ற புகழ்பெற்ற சேர்க்கையின் கணக்கைக் கைப்பற்றி, ஸ்டீம் வழியாகவே தீய நிரலைச் சிறிது நேரம் பரப்பிவிட்டார்கள். உலகமெல்லாம் குடில் முன் நின்று பாடும் நாளில் கள்வர்களுக்கு விடுமுறை இல்லை! நல்ல கடையில் வாங்கினேன் என்பதே போதாது என்பதற்கு இது சான்று.

எனவே எங்கள் துணிபு இது. சேவ் கோப்பை நகல் எடுத்து வையுங்கள். மோட்களைப் பட்டியல் எடுத்து வையுங்கள். மோட்டின் பெயர், பதிப்பு எண், எங்கிருந்து பெற்றோம் என்ற மூன்றையும் ஒரு நோட்டில் எழுதினால் போதும். தேர்வுக்குப் பின் அதைச் செய்தவரிடமிருந்தே புதிதாகப் பெறலாம். பத்து மாதங்களில் பல மோட்கள் திருத்தப்பட்டிருக்கும். பழைய கோப்பைக் காத்து வைப்பதால் பயன் குறைவு. சிலர் இதற்கு மாறாக, மோட்களை எல்லாம் கிளவுடில் ஏற்றி வைத்துவிட்டுச் சேவை மறந்துவிடுகிறார்கள். அரிசியைச் சிந்திவிட்டுச் சாக்கைப் பத்திரப்படுத்துவது போன்றதே அது.

பட்டியல் ஏன் தேவை என்று கேட்கலாம். ஒரு மோட் சேர்த்த பொருள்கள் நம் பண்ணைக்குள் இருக்கும்போது அந்த மோட் இல்லாமல் பண்ணையைத் திறந்தால், அப்பொருள்கள் இருந்த இடத்தில் பிழைக் குறிகள் நிற்கும். மைன்கிராஃப்டில் அந்தக் கட்டிகள் காணாமலே போகும். எந்த மோட்டையும் சேர்ப்பதற்கு முன்னும் நீக்குவதற்கு முன்னும் சேவை நகல் எடுக்க வேண்டும் என்று அனுபவமுள்ளவர்கள் சொல்வது இதனால்தான். ஸ்டார்டியூ வேலிக்கு மோட்களை இயக்கித் தரும் 'ஸ்மாபி' என்ற நிரல் சேவ்களைத் தானாகவே நகல் எடுத்து வைக்கிறது. பாராட்ட வேண்டிய ஏற்பாடு. ஆனால் அந்த நகலும் அதே கணினியில்தான் இருக்கிறது. கணினியைப் பழுது பார்க்கக் கொடுத்து, கடைக்காரர் 'ஃபார்மட்' செய்துவிட்டால் இரண்டும் ஒன்றாகப் போகும்.

மோட் என்ற பெயரில் சுற்றும் 'மோட் ஏ.பி.கே.' என்பவற்றையும் சொல்லாமல் விட முடியவில்லை. காசு கொடுத்து வாங்க வேண்டிய விளையாட்டை இலவசமாகத் தருவதாகச் சொல்லி, யார் செய்தார் என்றே தெரியாத கோப்பைக் கைப்பேசியில் இறக்கச் சொல்கிறார்கள். வங்கிச் செயலியும் இருக்கும் அப்பாவின் கைப்பேசியில் இதையா ஏற்றுவது? ஏழாம் கட்டளையை நம் பள்ளியில் யாருக்கும் நினைவூட்ட வேண்டியதில்லை என்றே நம்புகிறோம்.

கிளவுட் கணக்கின் சாவியைப் பற்றியும் இரண்டு வார்த்தை. உயிர்த்தோழியாக இருந்தாலும் பாஸ்வேர்டைப் பகிரக்கூடாது. உயிர்த்தோழிகள் சண்டையிட்டுக்கொள்ளும் வேகத்தை நாம் அறிவோம். இரண்டு அடுக்குச் சரிபார்ப்பை இயக்கி வைத்தால், பாஸ்வேர்டைத் திருடியவரும் எளிதில் உள்ளே வர முடியாது. கூகுள் தரும் பத்து மாற்றுக் குறியீடுகளைத் தாளில் எழுதி ரேஷன் கார்டோடு பீரோவில் வைத்துவிடலாம். 13 வயது நிறையாத தங்கைகள் பெற்றோரின் மேற்பார்வையில் உள்ள கணக்கையே பயன்படுத்த வேண்டும். பிறர் கணினியில் உள்ளே நுழைந்தால் வெளியேறிவிட்டு எழுந்து வர வேண்டும், கதவைச் சாத்திவிட்டு வருவது போல.

மீண்டும் பெற்றோரிடம் வருகிறோம். சில வீடுகளில், வளைகுடா நாட்டிலிருந்து மாமா கொண்டுவந்த நின்டென்டோ ஸ்விட்ச் இருக்கிறது. அதன் கிளவுட் சேவுக்குச் சந்தா கட்ட வேண்டும். தேர்வு ஆண்டில் சந்தா எதற்கு என்று ஜூன் மாதமே நிறுத்திவிடுகிறீர்கள். சந்தா முடிந்தபின் அந்த நிறுவனம் நகல்களை 180 நாட்கள் காத்து வைப்பதாகச் சொல்லியிருக்கிறது. ஜூன் முதல் எண்ணினால் கிறிஸ்துமஸ் குடில் கட்டுவதற்கு முன்பே அந்த நாட்கள் கழிந்துவிடும். எங்கள் பொதுத்தேர்வோ அதற்கும் பல மாதங்களுக்குப் பிறகு. கருவியில் உள்ள சேவ் அப்படியே இருக்கும் என்பது உண்மை. ஆதலால் சந்தாவை நிறுத்துங்கள், தடையில்லை. கருவியை மட்டும் அந்த இடைவெளியில் யாருக்கும் கொடுத்துவிடாதீர்கள், 'ரீசெட்' செய்துவிடாதீர்கள். அத்துடன் எல்லா விளையாட்டுக்கும் அந்த கிளவுட் பொருந்தாது. 2020-இல் வெளியான 'அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ்' விளையாட்டின் தீவைக் காக்கத் தனி ஏற்பாடு உண்டு. அதைத் தனியாக இயக்கி வைக்க வேண்டும்.

"இவ்வளவு அக்கறையைப் பாடத்தில் காட்டினால் என்ன?" என்ற கேள்வி வரும் என்று எங்களுக்குத் தெரியும். காட்டத்தான் போகிறோம். ஆனால் ஒன்றைச் சிந்தித்துப் பாருங்கள். எந்த நேரத்தில் அழித்துவிடுவார்களோ என்று அஞ்சுகிறவள்தான் நள்ளிரவில் போர்வைக்குள் கைப்பேசியை எடுக்கிறாள், அழிவதற்குள் இன்னும் ஒரு நாள் ஆடிவிடலாமென்று. பத்திரமாக இருக்கிறது என்று அறிந்தவள் மூடி வைத்துவிட்டு அறிவியல் புத்தகத்தைத் திறப்பாள். விடுதியில் இருக்கும் எங்கள் தோழியர் பெட்டியைப் பூட்டிச் சாவியை அருட்சகோதரியிடம் ஒப்படைத்துவிட்டு எவ்வளவு நிம்மதியாகப் படிக்கிறார்கள்! பொருள் இருக்கிறது என்ற உறுதியே அவர்களுக்குப் போதுமானதாக இருக்கிறது.

அடுத்து இந்த வகுப்புக்கு வரப்போகும் ஒன்பதாம் வகுப்புத் தங்கையர் சார்பிலும் சேர்த்தே கேட்கிறோம். விளையாட்டை நீக்குவது என்று முடிவு செய்தால், அதற்கு முன் ஒரு சனிக்கிழமைப் பிற்பகலை எங்களுக்குக் கொடுங்கள். இரண்டு மணி நேரம் போதும். சேவ்களைச் சுருக்கி, தேதி எழுதி, கிளவுடில் ஒன்றும் பென் டிரைவில் ஒன்றுமாக வைத்து, மோட் பட்டியலையும் எழுதி முடித்துவிடுகிறோம். பிறகு நீக்கும் பொத்தானை நாங்களே அழுத்துகிறோம். பென் டிரைவை ஒரு உறையில் போட்டு ஒட்டி அம்மாவிடம் கொடுத்துவிடுகிறோம். பீரோவில் நகைப் பெட்டிக்குப் பக்கத்தில் இருக்கட்டும். கடைசித் தேர்வு எழுதிவிட்டு வந்து, கை கால் கழுவிக்கொண்டு, கேட்டு வாங்கிக்கொள்கிறோம்.